ஆபிதா ஆங்கிலத்தில் சொன்ன ஆயத்து

பஷீர் இறந்த பிறகு நாலு மாதம் பத்து நாள் ஆபிதா வீட்டை விட்டு வெளியே வரவில்லை. கணவனை இழந்தவள் இருக்க வேண்டிய இத்தா அது. முடிந்த அன்று காலையில் படியிறங்கித் தெருவில் நின்றாள். எதிர்ச் சரிவில் தேயிலை வெட்டாமல் ஆள் உயரம் வளர்ந்து நின்றது. கண் கூசியது. வேறெதுவும் தோன்றவில்லை. திரும்ப உள்ளே போய் அரிசி களைந்தாள்.

அவளுக்கு அப்போது நாற்பத்திரண்டு வயது. குன்னூரிலேயே பிறந்தவள். அவள் அத்தா தோட்டத்து பங்களா ஒன்றில் சமையல்காரராக இருந்தார். அந்த வீட்டு அம்மா சிபாரிசு செய்ததால் கான்வென்டில் இடம் கிடைத்து, பன்னிரண்டாவது வரை இங்கிலீஷில் படித்தாள். காலையில் கான்வென்டுக்குப் போகுமுன் பள்ளிவாசல் மதரஸாவில் குர்ஆன் ஓதினாள். குரல் நன்றாக இருந்தது. எழுத்துப் பிசகாமல் ஓதுவாள். பின்னாளில் ஊரில் எந்த வீட்டில் சாவு நேர்ந்து மையத்து விழுந்தாலும் பெண்கள் பக்கம் உட்கார்ந்து குர்ஆனின் யாஸீன் அத்தியாயத்தை ஓத அவளைத்தான் கூப்பிட்டார்கள். ஓதியதன் பொருள் அவளுக்குத் தெரியாது. தெரிய வேண்டும் என்று யாரும் சொன்னதில்லை, அவளும் நினைத்ததில்லை.

கல்யாணமான பிறகு அவளும் பஷீரும் ஒரே இடத்தில் வேலை பார்த்தார்கள். கோத்தகிரி ரோட்டில், சிறு விவசாயிகளிடம் பச்சைத் தேயிலை வாங்கி அரைக்கிற ஃபாக்டரி. அவள் ஆபீஸில் கடிதமும் இன்வாய்ஸும் டைப் அடித்தாள். பஷீர் கேட்டுக்குப் பக்கத்தில் இலை எடை போட்டார். பத்தொன்பது வருஷம் அதே தராசு. சாக்குகளை ஏற்றுவார், எடையைச் சத்தமாகச் சொல்வார், சீட்டு எழுதிக் கொடுப்பார். மழை நாளில் இலை நனைந்திருக்கும் என்பதால் சாக்குக்கு ரெண்டு கிலோ கழிப்பது வழக்கம். தண்ணிக் கழிவு என்பார்கள். நனைந்த இலையைக் கொண்டுவந்தவரும் பார்க்கிறார், கழிக்கிறவரும் பார்க்கிறார். அதில் யாருக்கும் பேச்சு வந்ததில்லை.

தொண்ணூற்றொன்பதில் தேயிலை விழுந்தது. கிலோ பதினெட்டு ரூபாய்க்குப் போன பச்சை இலையை ஐந்து ரூபாய்க்கு எடுக்கவும் ஆளில்லை. சனங்கள் இலையை ரோட்டில் கொட்டிவிட்டுப் போனார்கள். கோயமுத்தூரில் இருந்த முதலாளி போனில் ஒரு வார்த்தை சொன்னார். அதிலிருந்து வெயில் நாளிலும் தண்ணிக் கழிவு எழுத வேண்டியதாயிற்று. முதலில் ரெண்டு, பிறகு நாலு, கடைசியில் ஐந்து. பஷீர் எழுதினார். எடையைச் சத்தமாகச் சொல்லும் பழக்கம் மட்டும் நின்றுபோனது. சீட்டை மடித்துக் கையில் கொடுப்பார்.

ரெண்டாயிரமாவது வருஷம் ஆகஸ்டில் ஃபாக்டரியை மூடினார்கள். ஆபிதாவுக்கும் அன்றோடு வேலை போயிற்று. மறுநாளும் பஷீர் எட்டு மணிக்குச் சட்டை மாட்டிக்கொண்டு புறப்பட்டார்.

"எங்கீங்க போறீங்க?" என்று கேட்டாள்.

"சும்மா, பாத்துட்டு வாறேன்."

தினமும் போனார். மூடிய கேட்டுக்கு வெளியே உட்கார்ந்திருந்துவிட்டுச் சாயங்காலம் வருவார். வீட்டில் பேச்சுக் குறைந்தது. நவம்பரில், நாலு நாள் அடைமழைக்குப் பிறகு, ஃபாக்டரிக்குப் பின்னால் இருந்த தடுப்பணையில் அவரைக் கண்டெடுத்தார்கள். கரையெல்லாம் சேறு. வழுக்கி விழுந்துவிட்டார் என்று முதலில் பார்த்தவன் சொன்னான். போலீஸ் அப்படியே எழுதிக்கொண்டது. பள்ளிவாசல் ஜமாஅத்தும் அப்படியே ஏற்றுக்கொண்டது. பள்ளிவாசல் இமாம் ஹஜ்ரத் மையத்துக்கான ஜனாஸாத் தொழுகையை நடத்தினார்.

அன்று மையத்தைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தபோது ஆபிதா உள்ளறைக்குப் போனாள். மேஜைமேல் பஷீரின் கண்ணாடி மடித்து வைத்திருந்தது. கண்ணாடியில்லாமல் அவருக்கு வாசற்படி தெரியாது. அதை எடுத்து பீரோவில் துணிகளுக்கு அடியில் வைத்தாள். யாரிடமும் சொல்லவில்லை. மகள் அஃப்ரீனிடமும் சொல்லவில்லை. அஃப்ரீன் மேட்டுப்பாளையத்தில் சித்தி வீட்டில் தங்கி நர்சிங் படித்துக்கொண்டிருந்தாள். மூன்று நாள் அழுதுவிட்டுப் போனாள். ஆபிதாவுக்கு அழுகை வரவில்லை. வரும் என்று எல்லோரும் சொன்னார்கள்.

இத்தா முடிந்து ரெண்டு மாதம் கழித்து, கான்வென்டில் கூடப் படித்த ஞானசுந்தரி ஒரு வேலை இருக்கிறது என்று சொல்லி அனுப்பினாள். குன்னூரிலேயே பெட்போர்டு பகுதியில் எட்னா ராபெல்லோ என்கிற ஆங்கிலோ இந்தியப் பெண்மணி தனியாக இருந்தார். எழுபத்து நாலு வயது. கல்யாணம் செய்துகொள்ளாதவர். தேயிலை ஏலக் கம்பெனி ஒன்றில் முப்பத்தைந்து வருஷம் ஸ்டெனோவாக இருந்து ஓய்வு பெற்றவர். சர்க்கரை வியாதியில் ரெண்டு கண்ணும் போய்விட்டன. சமையலுக்கு ஆள் இருந்தது. பேப்பரும் கடிதமும் பைபிளும் படித்துக் காட்ட இங்கிலீஷ் தெரிந்த ஒரு பெண் வேண்டும்.

காலை ஒன்பதிலிருந்து ஒரு மணி வரை வேலை. எட்னா மிஸ் பேசியது இங்கிலீஷ்தான், அதை நான் தமிழில் சொல்கிறேன். முதல் நாளே, "நீ ரயில்வே அறிவிப்பு மாதிரி படிக்கிறாய்," என்றார்.

"மன்னிச்சுக்குங்க மிஸ்."

"மன்னிப்பு எதற்கு? எனக்கு அது போதும். போன பெண் பைபிளை அழுது அழுது படித்தாள். தாங்க முடியவில்லை."

ஆபிதா அப்படியே படித்தாள். யோபு, சங்கீதம், மாற்கு எல்லாம் ஒரே குரலில் போயின. ஒரு மணிக்கு மூடிவைத்துவிட்டு நடந்து வீட்டுக்கு வருவாள். அந்தச் சில மாதங்களில் தான் என்ன சாப்பிட்டோம், யாரிடம் என்ன பேசினோம் என்று பின்னால் அவளால் நினைவுகூர முடியவில்லை.

அந்த வருஷம் அக்டோபரில் ரேடியோவில் நாள் பூராவும் யுத்தச் செய்தி ஓடியது. அமெரிக்காவில் கட்டிடங்கள் விழுந்து ஒரு மாதம் ஆகியிருந்தது. எட்னா மிஸ் ஒரு நாள் ரேடியோவை அணைத்தார்.

"காலையிலிருந்து உங்கள் புத்தகத்தைப் பற்றித்தான் பேசுகிறார்கள். ஒருத்தன் ஒன்று சொல்கிறான், இன்னொருத்தன் இல்லை என்கிறான். அதில் என்னதான் இருக்கிறது?"

"தெரியாதுங்க மிஸ்."

"நீ படித்ததில்லையா?"

"ஓதியிருக்கேன். அரபியில. முழுசா எத்தனையோ தடவை ஓதியிருக்கேன். அர்த்தம் தெரியாது."

எட்னா மிஸ் அவள் குரல் வந்த பக்கம் திரும்பினார். பிறகு, "நாளைக்குக் கொண்டு வா. எனக்கு இங்கிலீஷில் சொல்," என்றார்.

ஆபிதா வீட்டில் தமிழ்ப் பொருளோடு அச்சிட்ட குர்ஆன் ஒன்று இருந்தது. கல்யாணத்துக்கு வந்தது. பட்டுத்துணியில் சுற்றி மேலே வைத்திருந்தார்கள். மறுநாள் முகம் கைகால் கழுவி ஒளு செய்துவிட்டு அதை எடுத்துப் போனாள். ஆயத்தை, ஒவ்வொரு வசனமாக, முதலில் அரபியில் ஓதினாள். பிறகு பக்கத்தில் இருந்த தமிழைப் பார்த்து மெல்ல இங்கிலீஷில் சொன்னாள். முதல் அத்தியாயமான முதல் சூரா ஏழே ஆயத்துதான். அதற்கே முக்கால் மணி நேரம் ஆனது.

"அந்த ஓதுவது இருக்கிறதே," என்றார் எட்னா மிஸ், "அது ரயில்வே அறிவிப்பு இல்லை."

அடுத்த வாரம் அவர் கட்டிலுக்கு அடியிலிருந்து டைப்ரைட்டரை எடுக்கச் சொன்னார். காற்றில் போகிற சொல்லைத் தன்னால் திரும்பக் கேட்க முடியாது, தாளில் இருந்தால் நாளைக்கு ஆபிதா படித்துக் காட்டலாம் என்றார். பார்வை போனாலும் விரல்களுக்கு இடம் தெரிந்திருந்தது. ஜே எழுத்தின்மேல் ஒரு சொட்டு மெழுகு விட்டு ஒட்டவைத்திருந்தார். வலது ஆள்காட்டி விரல் அந்த மேட்டைத் தொட்டுப் பார்த்துவிட்டு ஆரம்பிக்கும். ஆபிதா சொல்லச் சொல்ல அவர் அடித்தார். அவர் வேகத்துக்கு ஆபிதாவால் சொல்ல முடியவில்லை. ரெண்டு சொல்லுக்கு நடுவில் விரல்களை விசைகளின்மேல் வைத்தபடி காத்திருப்பார்.

ஒரு நாளைக்கு ஆறு ஆயத்து, ஏழு ஆயத்து. தமிழில் புரியாத இடத்தை ஒரு துண்டுத்தாளில் குறித்துக்கொண்டு வெள்ளிக்கிழமை மாலை ஹஜ்ரத் வீட்டுக்குப் போய்க் கேட்பாள். ஹஜ்ரத்துக்கு இங்கிலீஷ் தெரியாது. அரபிச் சொல்லைத் தமிழில் நாலு விதமாகச் சொல்லிக் காட்டுவார். அதில் ஒன்றை அவள் எடுத்துக்கொள்வாள்.

ரெண்டாவது சூராவில் கணவன் இறந்த பெண்கள் காத்திருக்க வேண்டிய காலம் வந்தது. நாலு மாதமும் பத்தும். தான் இருந்து முடித்த நாட்கள் இந்த ஆயத்திலிருந்து வந்தவை என்று ஆபிதா அப்போதுதான் கண்ணால் பார்த்தாள். இங்கிலீஷில் நாலே சொல். எட்னா மிஸ் அடித்து முடித்து, "அடுத்தது," என்றார். ஆபிதா அடுத்ததைச் சொன்னாள்.

அதே சூராவில் கடனை எழுதிவைக்கச் சொல்கிற நீண்ட ஆயத்து ஒன்று வந்தது. எழுதத் தெரிந்தவர் எழுத மறுக்க வேண்டாம் என்று அதில் இருந்தது. எட்னா மிஸ் விரலை எடுத்துவிட்டு, "இதை மறுபடி சொல்," என்றார். சொன்னாள். "ஸ்டெனோவைப் பற்றி எங்கள் புத்தகத்தில் ஒரு வரிகூட இல்லை," என்றார். அன்றைக்கு அவர் உற்சாகமாக இருந்தார். சூராவின் கடைசி ஆயத்து, எந்த உயிரையும் அது தாங்கும் அளவுக்கு மேல் இறைவன் சிரமப்படுத்துவதில்லை என்று வந்தபோது அடிப்பதை நிறுத்தினார்.

"இது உண்மையா, ஆபிதா?"

"எழுதியிருக்குதுங்க மிஸ்."

"அதை நான் கேட்கவில்லை."

ஆபிதா அதே வரியை இங்கிலீஷில் மறுபடி சொன்னாள். எட்னா மிஸ் அந்த வரியை அடித்தார்.

ஜனவரி கடைசியில் நான்காவது சூராவுக்கு வந்தார்கள். அன்று கடுமையான குளிர். எட்னா மிஸ் விரல் நுனி வெட்டிய கையுறை போட்டிருந்தார். இருபத்தாறு, இருபத்தேழு, இருபத்தெட்டு முடிந்தது. இருபத்தொன்பதை ஆபிதா அரபியில் ஓதினாள். தமிழைப் பார்த்தாள். நம்பிக்கை கொண்டவர்களே, உங்களில் ஒருவர் பொருளை மற்றவர் தவறான வழியில் உண்ணாதீர்கள், நீங்கள் ஒருவருக்கொருவர் பொருந்திச் செய்கிற வியாபாரமாக இருந்தால் தவிர. உங்களை நீங்களே கொன்றுகொள்ளாதீர்கள். நிச்சயமாக அல்லாஹ் உங்கள்மீது இரக்கமுள்ளவனாக இருக்கிறான்.

ஒவ்வொரு துண்டாக இங்கிலீஷில் சொன்னாள். குரல் மாறவில்லை. நிறுத்தவும் இல்லை. எட்னா மிஸ்ஸும் ஒன்றும் கேட்காமல் அடித்தார். அன்று முப்பத்து மூன்று வரை போனார்கள்.

மறுநாள் காலை வழக்கம்போல முந்தின நாள் தாளைப் படித்துக்காட்ட எடுத்தபோது ஆபிதாவுக்கு ஒன்றும் புரியவில்லை. எழுத்துகள் இருந்தன, சொற்கள் இல்லை. பக்கம் பூராவும் அப்படியே. டைப்ரைட்டரைப் பார்த்தாள். ஜே எழுத்தின்மேல் இருந்த மெழுகு பெயர்ந்து விழுந்திருந்தது. குளிரில் விரல் மரத்திருக்க, எட்னா மிஸ் ஒரு விசை தள்ளி விரலை வைத்து ஒரு பக்கம் முழுவதையும் அடித்திருந்தார்.

விஷயத்தைச் சொன்னாள். எட்னா மிஸ்ஸின் முகம் சுருங்கியது. முப்பத்தைந்து வருஷத்தில் அப்படி நடந்ததில்லை என்றார். புதுசாக மெழுகு விடச் சொன்னார். தாளை மாற்றினார்.

"இருபத்தாறிலிருந்து சொல்."

இருபத்தாறைச் சொன்னாள். இருபத்தெட்டு வரை சொன்னாள். இருபத்தொன்பதை ஓதினாள். வியாபாரம் வரை இங்கிலீஷில் வந்தது. அதற்கு மேல் வரவில்லை. அழுகை முட்டவில்லை. வாய் திறக்கவில்லை, அவ்வளவுதான். எட்னா மிஸ் விசைகளின்மேல் விரலை வைத்துக் காத்திருந்தார். சுவர்க்கடிகாரம் ஓடியது.

வெகுநேரம் கழித்து எட்னா மிஸ் கேட்டார்: "உன் கணவர் விழுந்தாரா?"

"கண்ணாடி ஊட்டுல இருந்துச்சுங்க மிஸ். மடிச்சு வெச்சிருந்தாரு."

அதை அவள் முதல்முறையாக ஒருவரிடம் சொன்னாள். சொன்னதும் ஏதாவது ஆகும் என்று நினைத்திருந்தாள். ஒன்றும் ஆகவில்லை. சமையல்கார அம்மா வந்து டீ வைத்துவிட்டுப் போனாள்.

எட்னா மிஸ் விரல்களை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். "நேற்று நீ 'யுவர்செல்வ்ஸ்' என்று சொன்னாய். அந்த ஒரு சொல் அரபியில் என்ன?"

"அன்ஃபுஸகும்."

"அது தன்னைத்தானேவா? ஒருவரை ஒருவரா? எனக்கு இங்கிலீஷ் தெரியும், அரபி தெரியாது. போய்க் கேட்டு வா. அதுவரை இந்தத் தாள் மெஷினிலேயே இருக்கட்டும்."

வெள்ளிக்கிழமைக்குக் காத்திருக்காமல் அன்று மாலையே ஹஜ்ரத் வீட்டுக்குப் போனாள். அவர் மனைவி உள்ளே கூப்பிட்டு உட்காரவைத்தார். ஆபிதா ஆயத்தைச் சொன்னதும் ஹஜ்ரத் ஒரு தடவை நிமிர்ந்து பார்த்தார்.

"அந்தச் சொல்லு ரெண்டு பக்கமும் போகும்மா. ஒருத்தரை ஒருத்தர் கொல்லாதீங்கன்னு விளக்கம் சொன்ன பெரியவங்க இருக்காங்க. உங்க உசுரை நீங்களே மாச்சுக்காதீங்கன்னு சொன்னவங்களும் இருக்காங்க. ரெண்டும்தான்னு சொன்னவங்களும் இருக்காங்க."

"எதைப் போடறதுங்க ஹஜ்ரத்?"

"ரெண்டையும் தாங்கற சொல்லு அந்தப் பாஷையில இல்லையா?"

"தெரியலைங்க."

ஹஜ்ரத் தாடியைத் தடவிக்கொண்டார். "அன்னைக்கு ஜனாஸாவுல நான் யாரையும் ஒண்ணும் கேக்கல. இன்னைக்கும் கேக்கப் போறதில்ல. அந்த ஆயத்து எதுல முடியுதுன்னு பாத்தியா?"

"பாத்தேனுங்க. இரக்கமுள்ளவன்னு முடியுது."

"அதையும் சேத்துத்தான் ஓதோணும். பாதியில நிறுத்தக் கூடாது."

படியிறங்கி வரும்போது ஆயத்தின் முதல் பாதி அவள் மனதில் ஓடியது. பொருந்திச் செய்கிற வியாபாரம். ஜனாஸா முடிந்ததும் வழக்கமாகக் கேட்பார்கள்: மையத்தால் யாருக்காவது ஏதாவது குறை நேர்ந்திருந்தால் பொருந்திக்கொள்ளுங்கள், பொறுத்துக்கொள்ளுங்கள் என்று. பஷீருக்கும் கேட்டார்கள். கேட்ட கூட்டத்தில் இலை கொண்டுவந்து போட்டவர்கள் யாரும் இல்லை. அவர்கள் கபர்ஸ்தானுக்கு, அடக்கம் செய்கிற இடத்துக்கு, வெளியே ரோட்டில் நின்றிருந்தார்களாம். சிலர் வரவே இல்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஆபிதா கோத்தகிரி பஸ் ஏறினாள். ஃபாக்டரிக்குக் கீழே இருந்த ஊரில் இறங்கி, ஆபீஸில் டைப் அடித்த நாட்களில் தனக்குத் தெரிந்த பெயர்களாகத் தேடிப் போனாள். எதற்கு வந்தாள் என்று கேட்டவர்களிடம் ஒரே வாக்கியத்தைச் சொன்னாள். டைப் அடித்ததுபோல ஒவ்வொரு வாசலிலும் அதே வாக்கியம்.

ஆறுக்குட்டி என்பவர் முக்கால் ஏக்கர் தேயிலை வைத்திருந்தார். அவளைப் பார்த்ததும் நாற்காலி எடுத்துப் போட்டார். அவள் சொன்னதைக் கேட்டுக்கொண்டு தலையை ஆட்டினார்.

"அவரு கழிச்சது எங்களுக்குத் தெரியாதுங்களா? தெரியும். எங்கூட்டுத் தராசுல ஒருக்கா போட்டுப் பாத்துட்டுத்தான் அங்க கொண்டுபோவோம். மேல இருந்து சொன்னாங்க, கழிச்சாரு. நானா இருந்தாலும் அதைத்தான் செஞ்சிருப்பேன். மனசுல ஒண்ணும் இல்லீங்க. நீங்க போயி இதுக்காக அலையறீங்களே."

வெள்ளியங்கிரி என்கிற இன்னொருவர் அவள் பேசி முடிக்கும் முன்னே கையெடுத்துக் கும்பிட்டுவிட்டார். காளியம்மாள் என்ற கிழவிக்குக் காது கேட்கவில்லை. சத்தம் போட்டுச் சொன்னதும், "அந்தத் தம்பி செத்துப்போச்சா?" என்று கேட்டாள். எல்லோரும் டீ கொடுத்தார்கள். ஆபிதா எல்லா டீயையும் குடித்தாள். பொறுத்துக்கொண்டோம் என்று சொன்னதைக் கேட்டாள். மனதில் எதுவும் இறங்கவில்லை.

கடைசியாக வேலாமணியைப் பார்க்கப் போனாள். அவள் வீட்டில் இல்லை, சரிவில் இலை பறித்துக்கொண்டிருந்தாள். ஆபிதாவின் வயதுதான் இருக்கும். இடுப்பில் பை கட்டியபடியே நின்று கேட்டாள்.

"எங்கூட்டுக்காரரு எடை போட்டதுல உங்களுக்கு மனசுல ஏதாச்சும் இருந்தா..."

"இருக்குதுங்க," என்றாள் வேலாமணி.

"பொறுத்துக்கோணும்."

"பொறுக்க மாட்டேனுங்க."

ஆபிதா நின்றாள். வேலாமணி இலையைக் கிள்ளிப் பைக்குள் போட்டபடியே பேசினாள்.

"வெயில் காயுது, தண்ணிக் கழிவுன்னு அஞ்சு கிலோ எழுதினாரு. எங்கூட்டுக்காரரு படுத்த படுக்கையா இருந்தப்ப. நானு அவரு மூஞ்சியவே பாத்துட்டு நின்னேன். ஒரு வார்த்தை சொல்லுவாரான்னு. அவரு என்னைய நிமிந்து பாக்கல. சீட்டை மடிச்சுக் கையில வெச்சுட்டு அடுத்த சாக்கைத் தூக்குன்னாரு. செத்துட்டாருன்னா அதெல்லாம் இல்லைன்னு ஆயிருமாங்க?"

"அவரா கழிச்சாரு? முதலாளி சொன்னாரு. நீங்க முதலாளியப் போய்க் கேட்டிருக்கோணும்."

"முதலாளி மூஞ்சிய நானு பாத்ததே இல்லீங்களே. நானு பாத்தது இவரு மூஞ்சியத்தான்."

"அந்த மூஞ்சி எப்படி ஆச்சுன்னு நான் பாத்தேன். நீங்க பாக்கல," என்றாள் ஆபிதா. தன் குரல் உயர்ந்திருப்பது அவளுக்கே கேட்டது. "ராத்திரி சோத்துத் தட்டைப் பாத்துட்டு உக்காந்திருப்பாரு. அந்த அஞ்சு கிலோவத் தின்னவரு அவரில்லை."

"நானும் திங்கல," என்றாள் வேலாமணி.

ஆபிதா திரும்பி நடந்தாள். ரோட்டுக்கு ஒரே மூச்சில் ஏறினாள். கோபம். அந்தப் பொம்பளையின் மேலா, முதலாளியின் மேலா, நிமிர்ந்து பார்க்காத பஷீரின் மேலா என்று பிரித்துச் சொல்ல முடியாத கோபம். பதினைந்து மாதத்தில் அவளுக்குள் எழுந்த முதல் உணர்ச்சி அதுதான். பஸ் வந்து நின்றதையும் கவனிக்கவில்லை. அது போன பிறகுதான் தெரிந்தது. அடுத்த பஸ்ஸுக்கு ஒரு மணி நேரம் நின்றாள். அதற்குள் கோபமும் மெல்ல அடங்கி, பழைய மரத்த நிலை வந்து சேர்ந்தது. வீட்டுக்கு வந்து படுத்தாள்.

மறுநாள் பெட்போர்டில் தாள் மெஷினிலேயே இருந்தது. எட்னா மிஸ்ஸிடம் ஹஜ்ரத் சொன்னதைச் சொன்னாள். ஊருக்குப் போனதையும் வேலாமணியையும் சொன்னாள்.

"சொல்லட்டுங்களா மிஸ்?" என்று ஆபிதா கேட்டாள்.

"சொல்."

"உங்களில் ஒருவரையும் கொல்லாதீர்கள்" என்று வருகிற மாதிரி இங்கிலீஷில் சொன்னாள். எட்னா மிஸ் அடிக்கும் முன் அதை ஒரு தடவை வாய்க்குள் சொல்லிப் பார்த்தார்.

"அடுத்தவனும் இதில் அடக்கம். உன் கணவரும் அடக்கம்."

"ஆமாங்க மிஸ்."

"இலக்கணம் சரியாக இருக்கிறது," என்று சொல்லிவிட்டு அடித்தார். ஆபிதா இரக்கத்தைப் பற்றிய கடைசித் துண்டையும் நிறுத்தாமல் சொன்னாள். பிறகு முப்பதாவது ஆயத்தை ஓதினாள்.

இதன் பிறகும் ஒன்றரை வருஷம் அந்த வேலை நடந்தது. எட்னா மிஸ்ஸுக்கு உடம்பு சரியில்லாத நாட்களில் நின்றது, மறுபடி தொடங்கியது. ரெண்டாயிரத்து மூன்று ஜூலையில், பதினோராவது சூராவின் நடுவில் இருந்தபோது, எட்னா மிஸ் ஆஸ்பத்திரிக்குப் போனார். ஒன்பது நாளில் இறந்தார். பெங்களூரிலிருந்து அண்ணன் மகள் வந்து அடக்கம் செய்து, வீட்டைக் காலி செய்தாள். டைப் அடித்த தாள்கள் ஐந்நூறுக்கு மேல் இருந்தன. இவற்றை என்ன செய்வது என்று அவள் கேட்டாள். நான் எடுத்துக்கொள்கிறேன் என்று ஆபிதா ரெண்டு அட்டைப்பெட்டியில் வைத்துக் கட்டி, ஜீப் பிடித்து வீட்டுக்குக் கொண்டுவந்தாள். கல்லறைத் தோட்டத்தில் நின்றபோதும் அவள் அழவில்லை. எட்னா மிஸ்ஸுக்கு அதில் ஆட்சேபம் இருந்திருக்காது என்று நினைத்தாள்.

அடுத்த வருஷம் ஃபாக்டரியை வேறொருவர் வாங்கித் திறந்தார். கேட்டில் எடை போட ஆள் தேடியபோது, அந்த அம்மாவைப் போடுங்கள் என்று ஆறுக்குட்டியும் இன்னும் நாலு பேரும் மேனேஜரிடம் சொன்னார்களாம். மேனேஜர் வீட்டுக்கே வந்து கேட்டார். யோசிக்க ஒரு நாள்கூட ஆபிதா கேட்கவில்லை. ஒரே ஒரு விஷயம் கேட்டாள்.

"கழிவு எவ்வளவுன்னு நான்தான் பாத்துச் சொல்லுவேன். போன்ல யாரும் சொல்லக் கூடாதுங்க."

மேனேஜர் சரி என்றார். ரொம்ப நாள் அதைக் காப்பாற்றவும் செய்தார்.

ஜூன் மழையில் ஒரு நாள் வேலாமணி சாக்கோடு வந்தாள். அதற்கு முன் ரெண்டு பேரும் பேசிக்கொள்ளவில்லை. வேலாமணி வேறு யாரையாவது வைத்து இலையை அனுப்பிவிடுவாள். ஆபிதா சாக்கைத் தராசில் ஏற்றச் சொன்னாள். எடையைச் சத்தமாகச் சொன்னாள். சாக்கில் கையை விட்டுப் பார்த்தாள்.

"ரெண்டு கிலோ கழிவுங்க. நனைஞ்சிருக்குது."

வேலாமணி அவள் முகத்தைப் பார்த்தாள். ஆபிதாவும் பார்த்தாள். வேலாமணி ஒரு கை இலையை அள்ளிப் பிழிந்தாள். விரல் சந்தில் தண்ணீர் இறங்கியது.

"ரெண்டு போட்டுக்கங்க," என்றாள்.

ஆபிதா சீட்டு எழுதிக் கொடுத்தாள். பின்னால் மூன்று சாக்கு காத்திருந்தது.

ஏழு வருஷம் அந்த வேலையில் இருந்தாள். முட்டி வலி வந்த பிறகு விட்டுவிட்டாள். அஃப்ரீன் நர்ஸாகி மஸ்கட்டுக்குப் போனாள். அம்மாவைக் கூட வந்து இருக்கச் சொல்கிறாள், ஆபிதா போகவில்லை. இன்றைக்கும் மையத்து வீடுகளில் அவளைத்தான் கூப்பிடுகிறார்கள். யாஸீன் முப்பத்தாறாவது சூரா. அதுவரை மொழிபெயர்ப்பு வந்து சேரவில்லை. எனவே அதன் பொருள் அவளுக்கு இன்னும் முழுசாகத் தெரியாது. ரமலானில் குர்ஆன் முழுவதையும் ஓதி முடிக்கும்போது பதினோராவது சூராவின் நடு வரை கொஞ்சம் நிதானமாக ஓதுவாள், மற்றவற்றை வேகமாக.

போன ரமலானில் அஃப்ரீன் போனில் கேட்டாள்: "அந்த இங்கிலீஷ் வேலைய ஏம்மா பாதியில விட்டுட்டே? நீயே கையால எழுதலாமில்ல?"

"எழுதிப் பாத்தேன்," என்றாள் ஆபிதா. "நான் சொல்றதுக்கு நடுவுல யாராச்சும் காத்துட்டு இருக்கோணும். இல்லாட்டி வர மாட்டேங்குது."

பிறகு, அங்கே வெயில் எப்படி என்று கேட்டாள். அஃப்ரீன் சொன்னாள். இங்கே மழை என்று இவள் சொன்னாள்.